மீட்டரும் வரவில்லை, சிஓசியும் வரவில்லை: கொழும்பில் எங்கே தொடங்குவது

வீடு கட்டி முடிந்தும் கரண்ட் வராதபோது பலர் மின்சார அலுவலகக் கவுண்டரிலேயே மாதக்கணக்கில் வாதாடுகிறார்கள். பல வேளைகளில் உண்மையான தடை மாநகர சபையின் திட்டமிடல் பிரிவிலுள்ள கோப்பில்தான் கிடக்கும்: அங்கீகரித்த வரைபடத்தின்படி கட்டடம் கட்டப்பட்டது என்று சபை தரும் இணக்கச் சான்றிதழ், அதாவது சிஓசி, வந்திருக்காது. இரண்டுக்கும் சட்டமும் வேறு, அதிகாரியும் வேறு. எந்தக் காகிதம் தடுக்கிறது என்று தெரியாமல் வழக்குப் பேசிப் பயனில்லை.

ஆகவே முதல் வேலை, மறுப்பை எழுத்தில் வாங்குவது. “சிஓசி கொண்டு வாங்க” என்று வாயால் சொன்னதை நீதிமன்றத்தில் நிரூபிப்பது கடினம். விண்ணப்ப இலக்கம், திகதி, கேட்ட இணைப்பின் அளவு ஆகியவற்றைக் குறிப்பிட்டுப் பதிவுத் தபாலில் கடிதம் அனுப்புங்கள். தமிழிலேயே எழுதலாம், அரசியலமைப்பின் 22ஆவது உறுப்புரை அந்த உரிமையைத் தருகிறது. பதில் வராவிட்டால் 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேளுங்கள். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தீர்மானிக்க வேண்டும். “ஏன் தரவில்லை” என்று கேட்டால் மழுப்பலான பதில்தான் வரும். “பரிசோதகரின் அறிக்கையின் பிரதி” என்று ஆவணத்தின் பெயரைச் சொல்லிக் கேளுங்கள்.

இந்த இணக்கச் சான்றிதழ் வெறும் சம்பிரதாயக் காகிதம் அல்ல. 1915ஆம் ஆண்டின் வீடமைப்பு, நகர மேம்பாட்டுக் கட்டளைச் சட்டத்தின் 15ஆம் பிரிவின்படி, அது கிடைக்கும்வரை காவலாளியைத் தவிர எவரும் அந்தக் கட்டடத்தில் குடியிருக்கக்கூடாது. அது சிக்குவதற்கான காரணங்கள் திரும்பத் திரும்ப ஒன்றே: அங்கீகரித்த வரைபடத்தில் பின்புறம் விட்ட வெற்றிடத்தில் சமையலறை ஏறியிருக்கும்; வாகனத் தரிப்பிடம் கடையாகியிருக்கும்; பல்கனி வீதிக் கோட்டை, அதாவது வீதிக்காக ஒதுக்கிய எல்லையை, தாண்டியிருக்கும்; மொட்டைமாடியில் தகரக் கூரையோடு ஒரு மாடி முளைத்திருக்கும். பரிசோதகர் வருமுன் அங்கீகரித்த வரைபடத்தையும் அளவுநாடாவையும் எடுத்துக்கொண்டு நீங்களே சுற்றி அளந்து பாருங்கள். விலகல் சிறிதென்றால் கட்டியபடியான வரைபடத்தைக் கட்டடக் கலைஞரிடம் வரைவித்து, திருத்திய அங்கீகாரத்துக்குக் கட்டணத்தோடு சமர்ப்பிக்கலாம். வீதிக் கோட்டுக்குள் வந்த பகுதிக்கு அந்த வழி எளிதாகக் கிடைக்காது. இடிப்பதா, வழக்கா என்பதை அப்போதே யோசியுங்கள். உயர்ந்த கட்டடங்களுக்குத் தீயணைப்புத் திணைக்களத்தின் சான்றிதழும் வேண்டும். தொடர்மாடியில் சிஓசி இல்லாவிட்டால் கூட்டாதன வரைபடப் பதிவும் (ஒவ்வொரு வீட்டையும் தனிச் சொத்தாகக் காட்டும் வரைபடம்) உங்கள் உறுதிப் பத்திரமும் சேர்ந்தே தாமதிக்கும். வாங்குமுன் கட்டுநரிடம் கேட்க வேண்டிய முதல் காகிதம் அதுதான்.

மின்சாரப் பக்கத்தில், கொழும்பு மாநகர எல்லைக்குள் விநியோகம் இலங்கை மின்சார சபை அமைத்த வலையமைப்பில். நுகேகொடை, மொரட்டுவைப் பக்கம் லெக்கோ என்ற மின் விநியோகக் கம்பனி. வீட்டுக்கு ஒற்றைக் கட்டம் 30 அம்பியர் பெரும்பாலும் போதும். மூன்று கட்டம் (மும்முனை) 60 அம்பியர் என்றால் சுமார் 42 கேவிஏ மின்கொள்ளளவு. அதற்கு மேல் பெரிய பாவனையாளருக்கான மொத்த விநியோக விண்ணப்பம், அது வேறு நடைமுறை. வயரிங் சோதனை அறிக்கையில் தகுதியுள்ளவர் கையொப்பமிட வேண்டும். 30 மில்லியம்பியர் டிரிப் சுவிட்ச் வேலை செய்கிறதா, எர்த் கம்பி உண்மையில் இறக்கப்பட்டுள்ளதா, 500 வோல்ட்டில் சோதிக்கும்போது காப்புத் தடை (வயரின் உறை மின்கசிவைத் தடுக்கும் அளவு) 1 மெகாஓமுக்குக் குறையவில்லையா என்பவற்றை முன்கூட்டியே பாருங்கள்.

வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனைப் பக்கம் அடிக்கடி எழும் சண்டை இரண்டாவது மீட்டர் பற்றியது. மேல்மாடியை மகளுக்குப் பிரித்துக் கொடுத்தால், அதற்கென்று தனி ஆதனவரி இலக்கம் இருக்கிறதா என்று கேட்பார்கள். முதலில் மாநகர சபையில் இலக்கத்தைப் பிரித்துக்கொள்ளுங்கள். வயர் அயலவர் காணிக்கு மேலால் போக வேண்டியிருந்து அவர் மறுத்தால், அந்தப் பிரச்சினை பிரதேச செயலாளரிடம் போகும். மீட்டர்காரருடன் சண்டை போட்டுப் பயனில்லை.

நகர அபிவிருத்தி அதிகார சபைச் சட்டத்தின் 28அ பிரிவில், அனுமதியின்றியோ அனுமதிக்கு மாறாகவோ கட்டியதாக, அறிவித்தல் வந்தால் அன்றே சட்டத்தரணியிடம் போங்கள். நீதவான் முன் கேள்வி குறுகியது: அனுமதிப்பத்திரம் இருந்ததா, அதன்படி கட்டினீர்களா? மின் பட்டியலைக் காட்டி “பத்து வருடமாகப் பணம் கட்டுகிறோம்” என்பது அனுமதி ஆகாது, காணி உரிமையும் ஆகாது. திருத்திய வரைபடத்தைத் தவணைக்கு முன் சமர்ப்பித்த பற்றுச்சீட்டு கையில் இருந்தால் கால அவகாசம் கேட்க ஏதோ ஒரு பிடி கிடைக்கும்.

இணைப்பு மறுப்புக்கு முறைப்பாடு விநியோகஸ்தருக்கும், பின் மின்துறையை ஒழுங்குபடுத்தும் இலங்கைப் பொதுப் பயன்பாடுகள் ஆணைக்குழுவுக்கும். அதிகாரி சட்டக் கடமையைச் செய்யாவிட்டால் அதைச் செய்யும்படி கட்டளையிடக் கேட்டு, மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 140ஆவது உறுப்புரையின் கீழ் எழுத்தாணை மனு. உங்களைப் போன்ற நிலையிலுள்ள இன்னொருவருக்குக் கொடுத்து உங்களுக்கு மறுத்தால் அடிப்படை உரிமை மனு உண்டு, ஆனால் உயர் நீதிமன்றத்துக்கு ஒரு மாதத்துக்குள் போக வேண்டும். அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறையிட்டால், அங்கே விசாரணை நடக்கும் காலம் அதில் சேராது. முறைப்பாட்டின் முத்திரையிட்ட பிரதியை வாங்காமல் வெளியே வராதீர்கள்.