பிரிட்டனில் குணச்சித்திர நடிப்பும் திரைக்கதை எழுத்தும்: இரண்டையும் சேர்த்து நடத்துவது எப்படி?

கோலின் வெல்லண்ட் ஓவிய ஆசிரியராக இருந்து நடிக்க வந்தவர். 1962-இல் தொடங்கிய ‘இசட் கார்ஸ்’ தொடரில் கான்ஸ்டபிள் டேவிட் கிரஹாமாக நடித்தார். 1969-இல் ‘கெஸ்’ படத்தில், மாணவன் பழக்கிய வல்லூறைப் பார்க்க வயலுக்கே வந்து நிற்கும் ஆசிரியர் வேடம். அதற்குத் துணை நடிகருக்கான பாஃப்டா விருது கிடைத்தது. 1982-இல் ‘சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்’ திரைக்கதைக்கு ஆஸ்கர் வாங்கினார். சின்ன வேடங்களில் கற்றதை எழுத்தில் இறக்கியவர் அவர். அந்த வழியில் போக நினைப்பவர்களுக்கான நடைமுறைக் குறிப்புகள் இவை.

நடிப்புப் பக்கம்

முதலில் ஸ்பாட்லைட்டில் பெயர் ஏற வேண்டும். 1927 முதல் இருக்கும் நடிகர் பட்டியல் அது. காஸ்டிங் டைரக்டர்கள் ஆள் தேடுவது பெரும்பாலும் அங்கேதான். சேர்வதற்கு முறையான நடிப்புப் பயிற்சியையோ, தொழில்முறையாக நடித்த வேலையையோ காட்ட வேண்டும். மொழி, உச்சரிப்பு பற்றிய பகுதியை அவசரமாகத் தாண்டிவிடாதீர்கள். தமிழ் தெரிந்தால் போடுங்கள். ஆனால் முழுக் காட்சியைத் தடுமாறாமல் பேசக்கூடிய உச்சரிப்புகளை மட்டுமே குறியுங்கள். கிளாஸ்கோ வழக்கு வரும் என்று எழுதிவிட்டு ஆடிஷனில் திணறினால், அந்த அலுவலகம் மறுபடி கூப்பிடத் தயங்கும்.

புகைப்படத்தில் பலரும் சறுக்குவது அழகுக்கு ஆசைப்பட்டு. குணச்சித்திர நடிகரின் முதலீடே முகத்தில் உள்ள சுருக்கமும் பைவிழுந்த கண்ணும்தான். அதை அழித்த படம் வேலைக்கு ஆகாது. தாடியை எடுத்தாலோ முடி நரைத்தாலோ புதுப்படம் எடுத்துவிடுங்கள். ஷோரீல், அதாவது நீங்கள் நடித்த காட்சிகளின் தொகுப்பு வீடியோ, இரண்டு, மூன்று நிமிடம் போதும். முதல் காட்சியிலேயே உங்கள் முகமும் குரலும் வர வேண்டும்.

இப்போது முதல் சுற்று பெரும்பாலும் வீட்டிலிருந்து அனுப்பும் வீடியோதான். போனைக் கிடையாக, கண் மட்டத்தில் ஸ்டாண்டில் நிறுத்துங்கள். பின்னால் வெறும் சாம்பல் அல்லது நீலச் சுவர். மார்பிலிருந்து தலை வரை ஃபிரேமுக்குள் இருக்கட்டும். வழக்கமாகக் கெடுவது மூன்று இடங்களில். ஜன்னல் உங்களுக்குப் பின்னால் இருந்தால் முகம் இருண்டுவிடும்; வெளிச்சம் முன்னாலிருந்து விழட்டும். எதிர்வசனம் வாசிப்பவர் மைக்குக்கு அருகில் இருப்பதால் அவர் குரல் உங்கள் குரலை அமுக்கும். அவரைத் தணித்து வாசிக்கச் சொல்லுங்கள். அவர் லென்ஸிலிருந்து தள்ளி நின்றால் உங்கள் பாதி முகம்தான் தெரியும். லென்ஸை ஒட்டியே நிற்க வையுங்கள்.

ஏஜென்ட் தன் கமிஷனை உங்கள் சம்பளத்திலிருந்துதான் எடுப்பார். 10 முதல் 15 சதவீதம் சாதாரணம். அவர் வாட் (மதிப்புக் கூட்டு வரி) பதிவு செய்தவரானால் கமிஷன் மேல் 20 சதவீத வாட் சேரும். 1,000 பவுண்ட் வேலையில் 15 சதவீதம் 150, வாட் 30. கைக்கு வருவது 820. சேர்த்துக்கொள்வதற்கே முன்பணம் கேட்பவரிடம் போகாதீர்கள். எழுத்துக்கு வேறு ஏஜென்ட் தேவைப்படும். பெரிய நிறுவனங்களிலும் அது தனிப் பிரிவுதான்.

எழுத்துப் பக்கம்

வடிவம் கறாரானது: ஏ4 தாள், கூரியர் 12 எழுத்துரு, இடது ஓரம் ஒன்றரை அங்குலம். ஒவ்வொரு காட்சித் தலைப்பிலும் உள்ளேயா வெளியேயா, எந்த இடம், பகலா இரவா. இந்த வடிவில் ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடம் என்பதால், பக்க எண்ணிக்கையைப் பார்த்தே நீளத்தைக் கணிப்பார்கள். பிபிசியின் ஒரு மணி நேர நாடகம் கிட்டத்தட்ட முழு மணி நேரமும் ஓடும். ஐடிவியில் விளம்பரம் போக ஏறக்குறைய 47 நிமிடம். எந்தச் சேனலுக்கு என்று தெரியாமல் எழுதினால் பத்துப் பக்கம் உதைக்கும்.

நடிகர்கள் எழுதும்போது வரும் முதல் கோளாறு, தனக்கான வேடத்தை ஊதிப் பெருக்குவது. இரண்டாவது, ‘தயங்கி’, ‘புன்னகைத்து’ என்று வரிக்கு வரி அடைப்புக்குறி போடுவது. அடுத்தவர் அப்படி எழுதித் தந்தால் நீங்களே எரிச்சலடைவீர்கள். உங்கள் பலம் வேறு இடத்தில் இருக்கிறது. இரண்டே காட்சியில் வந்து போகிறவருக்கும் அந்த நேரத்தில் ஏதாவது ஒன்று வேண்டியிருக்கும் என்பது உங்களுக்கு உடம்பால் தெரியும். கதவைத் திறந்துவிடும் போர்ட்டருக்குக்கூட வீட்டுக்குப் போகும் அவசரம் இருக்கட்டும். முதல் பிரதி முடிந்ததும் ஒவ்வொரு சிறு பாத்திரத்தின் வரிகளை மட்டும் தனியாக எடுத்து வாசியுங்கள். அது ஒரு ஆள் பேசுவதாகக் கேட்கவில்லையென்றால் அந்த வேடத்துக்கு நல்ல நடிகர் கிடைக்கமாட்டார்.

தகவல் சேகரிப்புக்கு வெல்லண்டையே பாருங்கள். ‘சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்’ 1924 பாரிஸ் ஒலிம்பிக் பற்றிய படம். அதை எழுத, அன்றைய நினைவுகள் உள்ளவர்கள் தொடர்புகொள்ளுமாறு பத்திரிகையில் விளம்பரம் கொடுத்தார். ஓட்டவீரர் ஆப்ரி மான்டேக்கின் மகன் அதைப் பார்த்து, தன் தந்தை வீட்டுக்கு எழுதிய கடிதங்களின் பிரதிகளை அனுப்பினார். சிதறிய சம்பவங்களைக் கோக்கும் நூலாக அந்தக் கடிதங்கள்தான் படத்தில் ஓடுகின்றன.

அதே படம் எச்சரிக்கையும் தருகிறது. மதநம்பிக்கையால் ஞாயிற்றுக்கிழமை ஓட மறுத்த வீரர் எரிக் லிடெல், தன் ஓட்டம் ஞாயிறன்று வருவதை மாதங்களுக்கு முன்பே அறிந்திருந்தார். படத்தில் கப்பல் ஏறும்போதுதான் தெரிகிறது. அழுத்தம் கூட்டக் காலத்தைச் சுருக்கலாம். ஆனால் எதை மாற்றினீர்கள் என்று தனிக் கோப்பில் எழுதி வையுங்கள். உண்மையான மனிதர் வரும் கதையில் தயாரிப்பாளரின் வழக்கறிஞர் அதைத்தான் முதலில் கேட்பார்.

அனுப்பும் முன் ஆறு நடிகர்களை உட்கார வைத்து வாசிக்கச் சொல்லுங்கள். நீங்கள் எந்தப் பாத்திரத்தையும் வாசிக்க வேண்டாம். கடிகாரமும் பென்சிலும் மட்டும் போதும். ஒரே வரியில் இரண்டு பேர் தடுக்கினால் பிழை வரியில்தான்.

ஒப்பந்தமும் பணமும்

1988-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி, எழுதிய உடனே உரிமை உங்களுடையது, பதிவு தேவையில்லை. ஆனால் எழுத்தாளர் என்று பெயர் போடப்படும் உரிமையை எழுத்து மூலம் கோரினால்தான் அது செல்லும். ஒப்பந்தத்தில் அதற்கான வரி இருக்கிறதா, அல்லது அதை விட்டுக்கொடுப்பதாக இருக்கிறதா என்று பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். எழுத்தாளர் சங்கமான டபிள்யூஜிஜிபி உறுப்பினர்களின் ஒப்பந்தங்களைப் பார்த்து ஆலோசனை சொல்லும்.

உங்கள் கதையில் நீங்களே நடித்தால், ‘எல்லாம் சேர்த்து இவ்வளவு’ என்ற ஒற்றைத் தொகைக்கு ஒத்துக்கொள்ளாதீர்கள். எழுத்துக்குத் தனி ஒப்பந்தம், நடிப்புக்கு நடிகர் சங்கமான ஈக்விட்டியின் விதிப்படி தனி ஒப்பந்தம். மறு ஒளிபரப்புப் பணம் இரண்டுக்கும் வெவ்வேறு வழியில் வரும். கலந்துவிட்டால் பின்னால் பிரிக்க முடியாது.

சுயதொழில் தொடங்கிய வரி ஆண்டு ஏப்ரல் 5-இல் முடியும். அடுத்த அக்டோபர் 5-க்குள் வரித்துறையில் பதியுங்கள். வரிக் கணக்கை இணையத்தில் தாக்கல் செய்யக் கெடு அதற்கடுத்த ஜனவரி 31. மேலே சொன்ன ஏஜென்ட் கணக்கில், கைக்கு வந்த 820-ஐ வருமானமாக எழுதுவது பரவலான தவறு. 1,000 வருமானம், 180 செலவு என்று எழுத வேண்டும். எழுதியது ஒளிபரப்பானதும், படைப்பின் மறுபயன்பாட்டுக்கான பணத்தை எழுத்தாளர்களுக்கு வசூலித்துத் தரும் ஏஎல்சிஎஸ் அமைப்பில் சேருங்கள். ஆயுள் கட்டணமான 36 பவுண்டை முதல் பட்டுவாடாவிலிருந்தே பிடித்துக்கொள்வார்கள். ஒவ்வொரு புதுப் படைப்பையும் நீங்களேதான் அங்கே பதிய வேண்டும்.