முள்ளிவாய்க்காலுக்குப் போகிறவர்களுக்கு

2009இல் இலங்கைப் போர் முடிந்த இடமான முள்ளிவாய்க்காலுக்குப் போகும் வழி லேசு. ஏ9 வீதியில் பரந்தனில் கிழக்கே திரும்பினால் விசுவமடு, புதுக்குடியிருப்பு தாண்டி முல்லைத்தீவு வரை ஒரே வீதிதான், சுமார் 50 கிலோமீட்டர், பஸ் ஓடுகிறது. முல்லைத்தீவுக்குச் சற்று முன்னால் முள்ளிவாய்க்கால். கஷ்டமானது அங்கே போய் எப்படி நடந்துகொள்வது என்பது.

பார்க்க வேண்டும் என்ற ஆசையில் பிழை இல்லை. சொந்தக்காரருக்கு ஒரு விளக்குக்கூட ஏற்ற முடியாமல் போனவர்கள் அந்த மண்ணில் கொஞ்ச நேரம் நிற்க வருகிறார்கள், 2009இல் என்னதான் நடந்தது என்று அறிய வருகிறவர்களும் இருக்கிறார்கள், இரண்டு பேரும் வரட்டும். ஆனால் போர் முடிந்த பிறகு புதுக்குடியிருப்பில் புலிகளின் தலைவர் பிரபாகரனின் பங்கரைப் பார்க்க பஸ் பஸ்ஸாக ஆட்கள் வந்தார்களே, 2013இல் படையினர் அதைத் தகர்க்கும்வரை, அந்த மாதிரி வராதீர்கள். அதைச் சுற்றியிருந்த சனம் என்ன பட்டது என்று வந்தவர்களில் எத்தனை பேர் கேட்டார்கள்?

நினைவு நாளான மே 18 அன்று போவதானால் காலையிலேயே போய்விடுங்கள். கஞ்சி தருவார்கள், வேண்டாம் என்று சொல்லாதீர்கள். அரிசியும் தண்ணீரும் உப்பும்தான், கடைசி மாதங்களில் சனத்தின் உயிரைப் பிடித்து வைத்திருந்தது அதுதான், அதற்கு வரிசையில் நின்றபோதே ஷெல் விழுந்து செத்தவர்கள் உண்டு. அழுகிறவர்களின் முகத்துக்கு நேரே போனை நீட்டாதீர்கள்.

வட்டுவாகல் பாலத்தில் கொஞ்சம் நில்லுங்கள். நந்திக்கடலுக்குக் குறுக்கே போகும் அந்த ஒடுங்கிய பாலத்தால்தான் கடைசி நாட்களில் சனம் இராணுவப் பக்கம் நடந்தது. அங்கே சரணடைந்தவர்களில் பலரை வீட்டுக்காரர் இன்னும் தேடுகிறார்கள். காணாமல் ஆக்கப்பட்டோரின் அம்மாமார் 2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் தொடங்கிய போராட்டம் ஆண்டுக்கணக்காக நீண்டது. ஆணைக்குழுக்களுக்கும் பத்திரிகைக்காரருக்கும் திரும்பத் திரும்பச் சொல்லிக் களைத்தவர்கள் அவர்கள், அதனால் "என்னம்மா நடந்தது" என்று நீங்களாகக் கேட்காதீர்கள். அவர் தொடங்கினால் இருந்து கேளுங்கள், நடுவில் நேரம் பார்க்காதீர்கள்.

மணலில் கிடக்கும் செருப்பு, உடுப்பு, இரும்புத் துண்டு எதையும் எடுக்காதீர்கள். அது யாருடையதோ, வெடிக்கவும் கூடும். பாதையை விட்டுப் பற்றைக்குள் இறங்க வேண்டாம், வன்னியில் மிதிவெடி அகற்றும் வேலை போர் முடிந்து பல வருடங்களுக்குப் பிறகும் நடந்தது.

படம் போடும் விஷயத்தில்தான் மிகவும் கவனம் வேண்டும். நீங்கள் விமானம் ஏறிவிடுவீர்கள், "யார் வந்தது, என்ன கேட்டது" என்ற விசாரணை அந்த அம்மாவின் படலைக்குத்தான் வரும். முகம், பெயர், வீடு எதையும் அவரைக் கேட்காமல் போடாதீர்கள், அவர் சம்மதித்தாலும் ஒரு தரம் யோசியுங்கள். சாப்பாட்டை மட்டும் ஊர்க் கடையிலேயே வாங்குங்கள், கட்டிக்கொண்டு போகாதீர்கள்.