நிலத் தகராறில் இடைக்காலத் தடையாணை: வாங்கவும், இழுத்தடிப்பை உடைக்கவும்

சொத்து வழக்கில் தீர்ப்பு வரப் பல ஆண்டுகள் ஆகும். அதுவரை இடம் யார் கையில் இருக்கும், அதில் கட்டடம் எழும்புமா என்பதை இடைக்காலத் தடையாணை மனுதான் முடிவு செய்கிறது. பிராதுக்கு (வழக்கைத் தொடங்கும் மனுவுக்கு) எவ்வளவு உழைக்கிறோமோ, அதே அளவு இந்த மனுவுக்கும் உழைக்க வேண்டும்.

உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 39, விதி 1, 2-இன் கீழ் மனு போடுகிறோம். மேலோட்டமாகப் பார்த்தாலே வழக்கில் வலு இருக்கிறதா, தடை கொடுத்தால் யாருக்குச் சிரமம் அதிகம், பணத்தால் ஈடுகட்ட முடியாத இழப்பு வருமா என்ற மூன்றையும் நீதிபதி பார்ப்பார். நடைமுறையில் முதலில் எழும் கேள்வி, வழக்குப் போட்ட தேதியில் இடம் யார் சுவாதீனத்தில் (அனுபவத்தில்) இருந்தது என்பதே. கிரயப் பத்திரம் மட்டும் வைத்தால் போதாது. வில்லங்கச் சான்று, பட்டா, சிட்டா, அண்மை ஆண்டுகளின் அடங்கல் (கிராமப் பயிர்க் கணக்கு), வரி ரசீது, மின்கட்டண ரசீது, தேதியுள்ள புகைப்படங்கள் எல்லாம் வேண்டும். பட்டா உரிமைப் பத்திரம் ஆகாது. ஆனால் சுவாதீனத்தைக் காட்ட உதவும்.

அதிகம் பேர் கோட்டைவிடுவது தபசிலில், அதாவது பிராதில் வரும் சொத்து விவரத்தில். சர்வே எண், உட்பிரிவு, நான்கு எல்லை, விஸ்தீரணம் ஆகியவை பத்திரத்தோடும் புலப்படத்தோடும் (சர்வே வரைபடத்தோடும்) ஒத்துப்போக வேண்டும். பெரிய சர்வே எண்ணில் ஒரு பகுதிக்கு மட்டும் தகராறு என்றால், வரைபடம் வைத்து அந்தப் பகுதியைத் தனியே குறித்துக் காட்டுங்கள். இல்லாவிட்டால் தடையாணை கையில் இருந்தும், ‘எந்த இடத்துக்கு?’ என்று போலீஸ் கேட்கும்போது பதில் இருக்காது.

எதிராளி தன் பெயரிலும் ஒரு பத்திரம் வைத்திருக்கிறாரா? அப்படியானால் வெறும் நிரந்தரத் தடை மட்டும் கேட்டு நிறுத்தாதீர்கள். உரிமையில் உண்மையான சிக்கல் இருந்தால் உரிமை விளம்புகையும் (சொத்து நமக்கே உரியது என்ற அறிவிப்பும்) கேட்க வேண்டும் என்று அனதுல சுதாகர் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. பல ஆண்டு நடத்திய வழக்கு கடைசியில் இந்த ஒரு குறையால் தள்ளுபடியாவதைப் பார்க்கிறோம், வருத்தமான விஷயம்.

செங்கல், ஜல்லி இறங்கும்போதே கோர்ட்டுக்குப் போங்கள். தளம் போட்ட பிறகு போனால் இடித்து அகற்றச் சொல்லும் செயலுறுத்துக் கட்டளை கேட்க வேண்டியிருக்கும். அதை இடைக்காலத்தில் பெறுவது மிகக் கடினம். மனுவோடு சேர்த்தே கட்டளை 26, விதி 9-இன் கீழ் வழக்கறிஞர் ஆணையரையும் (இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தர நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர்) கேளுங்கள். அஸ்திவாரம் எவ்வளவு உயரம், வேலி எங்கே, மரங்கள் எத்தனை என்று இருக்கும் நிலையைப் பதிவு செய்யவும், சர்வேயர் துணையுடன் அளக்கவும் கேட்கலாம். சுவாதீனம் யாருக்கு என்று கண்டுபிடிக்கச் சொல்லிக் கேட்டால் அந்த மனு நிற்காது.

எதிராளிக்கு நோட்டீஸ் போகாமலே உத்தரவு வேண்டுமென்றால், நோட்டீஸ் கொடுத்தால் தடை கேட்கும் நோக்கமே எப்படிக் கெடும் என்பதைத் தேதியோடு அபிடவிட்டில் (பிரமாண வாக்குமூலத்தில்) எழுத வேண்டும். உத்தரவு கிடைத்ததும் அதே கட்டளை 39-இன் விதி 3-ஐ மறக்கக் கூடாது. மனு, அபிடவிட், பிராது, ஆவணங்களின் நகல்களை எதிராளிக்கு உடனே நேரில் கொடுக்க வேண்டும் அல்லது பதிவுத் தபாலில் அனுப்ப வேண்டும். அனுப்பியதற்கான அபிடவிட்டை அன்றே அல்லது மறுநாளே தாக்கல் செய்ய வேண்டும். இது தவறினால் எதிர்த்தரப்புக்கு நல்ல பிடி கிடைக்கும். முந்தைய வழக்கையோ பாகப்பிரிவினையையோ மறைப்பது அதைவிட ஆபத்து. முக்கியமான விஷயத்தில் தெரிந்தே பொய் சொல்லி உத்தரவு வாங்கியது தெரிந்தால், விதி 4-இன்படி பொதுவாகத் தடை ரத்தாகும்.

இப்போது எதிர்ப்பக்கம், அதாவது பிரதிவாதி செய்ய வேண்டியது. வழக்கு வரும் என்று சந்தேகம் இருந்தால், பிரிவு 148-ஏ-யின் கீழ் முன்கூட்டியே கேவியட் (என்னைக் கேட்காமல் உத்தரவு போட வேண்டாம் என்ற மனு) போடுங்கள். அது 90 நாள் செல்லும். பிறகு புதிதாகப் போட வேண்டும்.

உங்களைக் கேட்காமல் தடை வந்துவிட்டால், விதி 3-ஏ-யின்படி 30 நாளுக்குள் மனுவை முடிக்க நீதிமன்றம் முயல வேண்டும். முடியாவிட்டால் காரணத்தைப் பதிவு செய்ய வேண்டும். ஆனால் நடப்பது வேறு: வாய்தாவுக்கு வாய்தா ‘தடை நீட்டிப்பு’ என்று ஒரு வரி, ஆண்டுகள் ஓடிவிடும். இதற்கு முதல் மருந்து, எதிருரையை (மனுவுக்கான எழுத்துப் பதிலை) முதல் வாய்தாவிலேயே போடுவது. நீங்களே அவகாசம் கேட்டுவிட்டு 30 நாள் பேச முடியாது. பிறகு ஒவ்வொரு நீட்டிப்புக்கும் எழுத்தில் ஆட்சேபம் வையுங்கள். அப்படியும் 30 நாளில் மனு முடியாவிட்டால், உங்களைக் கேட்காமல் கொடுத்த அந்த எக்ஸ்பார்ட்டி உத்தரவின் மீதே மேல்முறையீடு செய்யலாம் என்று, தமிழ்நாட்டிலிருந்து போன வெங்கடசுப்பையா நாயுடு வழக்கில் 2000-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

ஆறு மாதமானால் தடை தானாகப் போய்விடும் என்று நம்பி வேலையைத் தொடங்காதீர்கள். அப்படிச் சொன்னது, உயர் நீதிமன்றங்கள் தரும் தடைகளைப் பற்றிய 2018 உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. அதை 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு மாற்றிவிட்டது. அதே சமயம் உத்தரவில் ‘அடுத்த வாய்தா வரை’ என்று மட்டும் இருந்து, அன்று நீட்டிக்காமல் விட்டிருந்தால் தடை அமலில் இருக்காது. வாதி, பிரதிவாதி இருவரும் ஒவ்வொரு வாய்தா மாலையும் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் சி.என்.ஆர். எண் (ஒவ்வொரு வழக்குக்கும் உள்ள தனி அடையாள எண்) போட்டு அன்றைய பதிவைப் பார்த்துவிட வேண்டும்.

தடையை மீறினால் விதி 2-ஏ-யின்படி சொத்து ஜப்தியும் 3 மாதம் வரை சிவில் சிறையும் உண்டு. அதற்கு எதிராளிக்கு உத்தரவு தெரியும் என்பதை நிரூபிக்க வேண்டும். ஆகவே சான்றிட்ட நகல் கிடைத்த அன்றே எதிராளிக்கும் காவல் நிலையத்துக்கும் கொடுத்து, ஒப்புகையை வழக்குக் கட்டில் வையுங்கள்.