‘சரி’ மட்டுமே சொல்லும் நாயகன்: திரைக்கதை கட்டும் முறை

எதற்கும் மறுப்பு சொல்லக்கூடாது என்ற ஒற்றை விதியில் நகைச்சுவை எழுதுபவர்கள், ஜிம் கேரி நடித்த ‘யெஸ் மேன்’ (2008) படத்தைக் குறிப்பேட்டோடு ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

முதலில் நாயகன் மறுப்பதைக் காட்டுங்கள், அதற்கு அவன் கொடுக்கும் விலையோடு. இந்தப் படத்தின் நாயகன் கார்ல், வங்கியில் கடன் விண்ணப்பங்களை நிராகரிப்பவன். நண்பனின் நிச்சயதார்த்த விருந்துக்கே போகாதவன். இந்தப் பகுதியை இழுக்க வேண்டாம்.

விதி வந்ததும் முதல் ‘சரி’ அவனுக்கு நஷ்டமாக இருக்கட்டும். வீடில்லாத ஒருவரைக் காரில் ஏற்றுகிறான். பெட்ரோல் தீர்கிறது, போனில் சார்ஜ் இல்லை. பெட்ரோல் நிலையத்துக்கு நடந்து போன இடத்தில்தான், பிறகு அவன் காதலியாகும் ஆலிசனைச் சந்திக்கிறான். நஷ்டத்தின் வழியாகவே லாபம் வந்தால் ரசிகர் விதியை நம்புவார். நேரடியாகப் பரிசு கொடுத்தால் அது வெறும் அதிர்ஷ்டக் கதை.

அடுத்தது விதைப்பு, அதாவது பின்னால் பயன்படப்போவதை முன்பே காட்டி வைப்பது. கொரிய மொழி, கிதார், விமானப் பயிற்சி மூன்றும் முதலில் வெறும் சிரிப்புக்கு வருகின்றன. பிறகு கிதார் ஒருவரின் உயிரைக் காக்கிறது. கொரிய மொழியும் விமானப் பயிற்சியும் அவனைத் தீவிரவாதி என்று சந்தேகிக்க வைக்கின்றன. ஒரே மாதிரி விதைத்தவை இரண்டு விதமாக முளைப்பதுதான் இந்தப் படத்தின் கெட்டிக்காரத்தனம்.

பலர் சறுக்குவது பிற்பாதியில். ‘சரி’களை அடுக்கிக்கொண்டே போனால் அது துணுக்குத் தோரணம். விதியே நாயகனைத் திருப்பி அடிக்க வேண்டும்: தன்னிடம் சொன்ன ‘சரி’யும் கட்டாயத்தில் வந்ததுதானோ என்று ஆலிசன் சந்தேகிக்கும்போது, அவனிடம் பதில் இல்லை.