பினாங்குக்குப் போகுமுன் அப்பாவின் பெயரைச் சரிபாருங்கள்

வேறு நாட்டு பாஸ்போர்ட்டுக்கு மாறிவிட்ட பினாங்குக்காரர்களுக்காக இதை எழுதுகிறேன். மலேசியாவில் இரட்டைக் குடியுரிமை கிடையாது. அதனால் பிறந்த ஊருக்கே நீங்கள் இப்போது வெளிநாட்டவர். இறங்குவதற்கு முந்திய மூன்று நாட்களுக்குள் இணையத்தில் வருகை அட்டையை நிரப்ப வேண்டும். எங்கே தங்குகிறீர்கள் என்று கேட்டு, ஹோட்டல், நண்பர் அல்லது உறவினர் வீடு என்று ஒரு பட்டியல் காட்டும். நீங்கள் தவழ்ந்த வீட்டுக்கும் அந்த 'உறவினர் வீடு'தான். அழுத்திவிட்டுப் போய்க்கொண்டே இருங்கள்.

பயணத்தில் சிக்கல் ஏதும் இல்லை. கோலாலம்பூரின் கேஎல் சென்ட்ரல் நிலையத்திலிருந்து இடிஎஸ் விரைவு ரயிலில் ஏறினால் ஏறத்தாழ நான்கு மணி நேரத்தில் பட்டர்வொர்த். பக்கத்திலேயே தீவுக்குப் போகும் ஃபெர்ரி. 2023இல் வந்த புதிய படகுகளில் காரை ஏற்ற மாட்டார்கள், ஆட்களும் மோட்டார் சைக்கிளும்தான். அப்பாவின் காரோடு ஏறி, கண்ணாடியை இறக்கிவிட்டுக் கடற்காற்று வாங்கிய காலமெல்லாம் போச்சு.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். உயில் எழுதாமல் அப்பா போய்ச் சேர்ந்து, வீடு இன்னும் அவர் பெயரிலேயே இருந்தால், உங்கள் விடுமுறை அரசாங்க அலுவலகத்து நாற்காலியில்தான். வீட்டு கிராண்டில், அதாவது பட்டாவில், அப்பா பெயர் ஒரு விதம், ஐசி என்கிற அடையாள அட்டையில் ஒரு விதம், இறப்புப் பத்திரத்தில் இன்னொரு விதம். "இவங்க மூணு பேரும் ஒரே ஆளா?" என்று முகப்பில் இருந்தவர் கேட்டார். மரியாதையாகத்தான் கேட்டார். அதனால் கோபத்தைக் காட்டவும் முடியவில்லை.

அதற்கான பதில் நான் கொண்டுபோன எந்தக் காகிதத்திலும் இல்லை. துணைக்கு வந்த அத்தையிடம் இருந்தது. ரப்பர் தோட்டத்தில் தாத்தா வாயால் சொன்ன பெயரைத் தோட்டத்து எழுத்தரான கிராணி காதில் விழுந்தபடி எழுதிவிட்டார். ஐசி எடுத்தபோது இன்னொருவர் காதில் அது வேறு மாதிரி விழுந்தது. அத்தை இதைச் சுருக்கமாகச் சொல்வாரா? பால்மரம் வெட்டப் போக முடியாத மழை நாள், கிராணிக்கு ஒரு காது மந்தம், தாத்தா வாயில் வெற்றிலை என்று ஒன்றையும் விடவில்லை. பக்கத்து நாற்காலிப் பெரியவர் திரும்பி, "எங்கப்பா பேரையும் இப்படித்தாம்மா கெடுத்தானுங்க" என்றார். அவர் நிபோங் திபால் பக்கத்துத் தோட்டமாம். அப்புறம் அவர் கதை. அதற்கு அத்தையின் எதிர்க்கதை. எங்கள் எண்ணைக் கூப்பிட்டது யார் காதிலும் விழவில்லை. மறுபடி எண் எடுத்தோம்.

வெற்றிலையையும் மழையையும் கழித்துவிட்டு, மிச்சத்தை 1960ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் சத்தியப் பிரமாணமாக எழுதி, அதற்கான ஆணையர் முன்னால் கையெழுத்திட்டோம். அத்தை இல்லையென்றால் என்ன எழுதியிருப்பேன்? ஆகவே, போனதும் நாசி கண்டார் கடைக்கு ஓடாமல் வீட்டுப் பெரியவர்களோடு உட்காருங்கள். எந்தத் தோட்டம், பெயரை எழுதியது யார், ஐசி எங்கே எடுத்தார்கள் என்று கேளுங்கள். கூடவே வருகிற ஊர்க்கதையையும் போனில் பதிந்துகொள்ளுங்கள்.

அடுத்தது பங்கு. 1958ஆம் ஆண்டுச் சொத்துப் பகிர்வுச் சட்டப்படி, இறந்தவரின் பெற்றோர் உயிரோடு இல்லையென்றால் மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு, மீதி பிள்ளைகளுக்குச் சமமாக. அம்மாவைக் குளிப்பாட்டி, மாத்திரை கொடுத்து, கூடவே கிடக்கும் தம்பிக்கும், ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் முகம் காட்டும் எனக்கும் ஒரே அளவு. தம்பி வாயைத் திறக்கவில்லை. அத்தைதான் கேட்டார், அதுவும் நான் சோற்றில் கை வைத்த நேரம் பார்த்து. "நீ வந்துட்டுப் போற ஆளு. உனக்கெதுக்குய்யா அது? அவனுக்கு எழுதிக் குடுத்துரு." சொத்துப் பேச்சைச் சாப்பாட்டு நேரத்தில்தான் எடுப்பார்கள். பாதியில் எழுந்து போக மாட்டீர்கள் என்று அவர்களுக்குத் தெரியும்.

விட்டுக்கொடுப்பதென்றால் அங்கே இருக்கும்போதே செய்துவிடுங்கள். திரும்பி வந்த பிறகென்றால் தூதரகம், நோட்டரி என்று அலைய வேண்டும். நான் கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் விமானம் ஏறினேன். அத்தைக்கு அது போதவில்லை. தைப்பூசம் வரைக்கும் நிற்காமல் போய்விட்டேனாம். நகரத்தார்களின் கோவில் வீட்டிலிருந்து வெள்ளி ரதம் புறப்பட்டபோது எங்கள் வீட்டுத் தேங்காயை உடைக்க ஆளில்லையாம்.