கல்லீரல் சிரை டாப்ளர்: அலையைப் படிப்பது எப்படி? (புதிதாக ப்ரோபைப் பிடிப்பவர்களுக்கு)

நீடாமங்கலம் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஒரு விவசாயத் தொழிலாளி ஸ்கேனுக்கு வந்தார். வயது 46. வயிறு உப்பி, இரண்டு கால்களும் வீங்கி, மேசையில் ஏறிப் படுக்கவே திணறினார். கையில் இரண்டு பழைய ஸ்கேன் அறிக்கைகள். இரண்டிலும் ஒரே சங்கதி: கல்லீரல் பெரிதாகியிருக்கிறது, வயிற்றில் நீர் கோத்திருக்கிறது, சிரோசிஸாக (கல்லீரல் தழும்பேறி இறுகும் நோய், குடியாலும் வருவது) இருக்கலாம். கூட வந்த மனைவி கதவோரம் நின்றபடியே, “ஒளித்து ஒளித்துக் குடிக்கிறார் என்று ஊரே பேசுகிறது ஐயா. இந்த மனிதர் சாராயத்தைக் கையால்கூடத் தொட்டதில்லை” என்றார்.

ப்ரோபை (உடல்மேல் வைத்துப் படமெடுக்கும் ஸ்கேன் கைப்பிடி) வைத்ததுமே கல்லீரல் சிரைகள் கண்ணில் பட்டன. ஒவ்வொன்றும் ஒன்றேகால் செ.மீ. அகலத்துக்கு விரிந்து கிடந்தது. ரத்தம் எந்தத் திசையில், என்ன வேகத்தில் ஓடுகிறது என்று காட்டும் டாப்ளரைப் போட்டேன். இதயத்தை நோக்கிப் போக வேண்டிய ரத்தம் ஒவ்வொரு துடிப்பிலும் கல்லீரலுக்குள்ளேயே திரும்பிப் பாய்ந்தது. எக்கோ (இதய ஸ்கேன்) பார்த்ததில் விடை கிடைத்தது. சிறுவயதில் வந்த ருமாட்டிக் காய்ச்சல் இதயத்தின் இடது பக்க மைட்ரல் வால்வைச் சுருக்கியிருந்தது. அதனால் நுரையீரல் தமனியில் அழுத்தம் ஏறி, வலது பக்க மூவிதழ் வால்வு மூட முடியாமல் கசிந்துகொண்டிருந்தது. கல்லீரல் வீங்கியது அதனால்தான். பழைய அறிக்கைகள் இரண்டிலும் கல்லீரல் சிரையைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

அந்த ஒரு வரியை எப்படிப் பார்ப்பது, எப்படி எழுதுவது என்பதைத்தான் இங்கே சொல்லப்போகிறேன். தஞ்சை, திருவாரூர், மயிலாடுதுறைப் பக்க மருத்துவமனைகளில் ஸ்கேன் அறைக்குள் புதிதாக நுழைந்திருக்கும் மருத்துவர்களையும் மாணவர்களையும் மனத்தில் வைத்து எழுதுகிறேன்.

ப்ரோபை எடுப்பதற்கு முன் ஆற்றைப் பாருங்கள்

மூணாறு தலைப்பு நமக்குத் தெரிந்த இடம். அங்கே வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு என்று ஓர் ஆறு மூன்றாகப் பிரிகிறது. கல்லீரலில் இது தலைகீழ். வலது, நடு, இடது என்று மூன்று சிரைகள் மேல்நோக்கி வந்து கீழ்ப் பெருஞ்சிரையில் சேர்கின்றன. பலருக்கு நடுச்சிரையும் இடதுசிரையும் முதலில் ஒன்றாகி, பிறகு பெருஞ்சிரைக்குள் நுழையும். அங்கிருந்து இதயத்தின் வலது மேலறை கைக்கெட்டும் தூரம்தான்.

இனி வேளாங்கண்ணிப் பக்கம், வெள்ளையாறு கடலில் சேரும் இடத்தை நினைத்துக்கொள்ளுங்கள். நீர் கடலை நோக்கித்தான் போகிறது. ஆனால் ஓதம் ஏறும்போது ஓட்டம் தயங்கும். சில வேளை பின்னோக்கியும் நகரும். உள்ளே மன்னார்குடியில் நிற்பவருக்கு இந்த ஏற்றவற்றம் தெரியாது. கல்லீரல் சிரைகள் இதயத்தின் முகத்துவாரத்தில் இருக்கின்றன. கடல்நீர் உள்ளே வராமல் தடுக்கக் கடைமடையில் கதவணை கட்டுகிறோமே, அப்படி ஒரு தடுப்பு இங்கே கிடையாது. கல்லீரல் சிரையில் வால்வு இல்லை. ஆகவே வலது மேலறையில் அழுத்தம் ஏறினாலும் இறங்கினாலும் அது உடனே சிரையின் அலையில் தெரிந்துவிடும். அலையை எழுதுவது இதயம். கல்லீரல் எந்த அளவுக்கு இளகியிருக்கிறது என்பதைப் பொறுத்து அந்த எழுத்து தெளிவாகவோ மங்கலாகவோ நமக்குக் கிடைக்கிறது. இனி வரும் எல்லாப் படிகளுக்கும் இதுதான் அடிப்படை.

படி 1: மூச்சு

நோயாளியை மல்லாந்தோ, இடப்பக்கம் சற்று ஒருக்களித்தோ படுக்க வையுங்கள். சில மணி நேரம் சாப்பிடாமல் வந்திருந்தால் குடல் காற்று குறைவாக இருக்கும்.

புதியவர்கள் அதிகம் தவறுவது மூச்சில்தான். வயிற்று ஸ்கேன் என்றாலே “மூச்சை நன்றாக இழுத்துப் பிடியுங்கள்” என்பது நம் வாயில் ஊறிப்போன வாக்கியம். டாப்ளர் அலையைப் பதியும்போது அதைச் சொல்லாதீர்கள். ஆழமாக இழுத்துப் பிடித்தாலும், முக்கினாலும், மார்புக்குள் அழுத்தம் மாறி அலை தட்டையாகிவிடும். பயிற்சிக் காலத்தில் ஆரோக்கியமான ஓர் ஆசிரியைக்கு நானே இப்படித் தட்டை அலையைப் பதிந்து, ‘கல்லீரல் இறுக்கம் இருக்கலாம்’ என்று எழுதினேன். என் மூத்த மருத்துவர் அவரை மறுபடி படுக்க வைத்து, “இழுக்க வேண்டாம் அம்மா, வழக்கம்போல் விட்டுக்கொண்டே இருங்கள், நான் சொல்லும்போது அப்படியே நிறுத்துங்கள்” என்றார். நான்கு அலைகளும் பளிச்சென்று வந்தன. அந்த அம்மாள் ஒரு வாரம் தூங்கவில்லை என்று பிறகு தெரிந்தது. இன்றும் அந்த வாக்கியத்தை அப்படியே சொல்லித்தான் அலையைப் பதிகிறேன்.

படி 2: சிரையைக் கண்டுபிடியுங்கள்

வலது விலா எலும்புகளுக்குக் கீழே ப்ரோபைக் குறுக்காக வைத்து, தோளை நோக்கி மேலே சாய்த்துப் பாருங்கள். ஈர வரப்பில் கொக்கு பதித்த காலடித்தடம்போல மூன்று கருங்கோடுகள் ஓர் இடத்தை நோக்கி வரும். வாயு மறைத்தால் விலா எலும்புகளுக்கு இடையே பக்கவாட்டில் வைத்துப் பாருங்கள். வலதுசிரை நன்றாகக் கிடைக்கும்.

குடலிலிருந்து கல்லீரலுக்கு ரத்தம் கொண்டுவரும் போர்ட்டல் சிரையோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். அதன் சுவர் வெள்ளையாக, கரை கட்டிய வாய்க்கால்போலத் தெரியும். கல்லீரல் சிரைக்குச் சுவர் இருப்பதே தெரியாது. சந்தேகம் வந்தால் பின்தொடர்ந்து போங்கள். பெருஞ்சிரையில் போய்ச் சேர்ந்தால் அது கல்லீரல் சிரை.

அலையைப் பதிய வலதுசிரையோ நடுச்சிரையோ போதும். இடதுசிரை இதயத்துக்கு அடியிலேயே இருப்பதால் துடிப்பின் அசைவு படத்தைக் கலக்கிவிடும்.

படி 3: கருவியைச் சரிசெய்யுங்கள்

இங்கே ரத்தம் வினாடிக்குச் சில பத்து செ.மீ. வேகத்தில்தான் போகும். எனவே வேக அளவுகோலைக் குறைவாக வையுங்கள். மெதுவான அசைவுகளை நீக்கும் சுவர் வடிகட்டியையும் ஆகக் குறைந்த அளவுக்கு இறக்குங்கள். இல்லாவிட்டால் மெல்லிய ஓட்டம் காணாமல் போகும். ஒலிக்கதிருக்கும் ரத்த ஓட்டத்துக்கும் இடையிலான கோணம் 60 டிகிரிக்குக் கீழே இருக்கட்டும். மாதிரிப் பெட்டியை (எந்த இடத்து ஓட்டத்தை அளக்கிறோம் என்று திரையில் காட்டும் குறி) சிரையின் நடுவில், பெருஞ்சிரையோடு சேரும் இடத்திலிருந்து சில செ.மீ. தள்ளி வையுங்கள். திரையில் நான்கைந்து துடிப்புகள் தெரிய வேண்டும்.

வழக்கமான அமைப்பில் ப்ரோபை விட்டு விலகும் ஓட்டம் நீலம், நெருங்கும் ஓட்டம் சிவப்பு. கல்லீரல் சிரை ரத்தம் நம்மை விட்டு விலகி இதயத்துக்குப் போவதால் நீலமாகவும், அலைப்படத்தில் அடிக்கோட்டுக்கு (வேகம் பூஜ்யம் என்பதைக் குறிக்கும் கோடு) கீழேயும் தெரியும். யாராவது கருவியில் வண்ணத்தைத் திருப்பிவிட்டிருக்கலாம். திரை ஓரத்திலுள்ள வண்ணப் பட்டையை ஒருமுறை பார்த்துவிட்டுத் தொடங்குங்கள்.

படி 4: நான்கு அலைகள்

இங்கே அவசரப்படாதீர்கள். இந்த நான்கும் மனத்தில் ஏறிவிட்டால் நோய்களைத் தனியாக மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை.

முதலில் ஏ அலை. வலது மேலறை சுருங்குகிறது. ரத்தத்தில் பெரும்பகுதி கீழறைக்குப் போனாலும், தடுக்க வால்வு இல்லாததால் கொஞ்சம் சிரைக்குள் பின்னோக்கி வரும். அடிக்கோட்டுக்கு மேலே ஒரு சிறு மேடு.

அடுத்து எஸ் அலை. கீழறை சுருங்கும்போது மூடியிருக்கும் மூவிதழ் வால்வைத் தன் பக்கம் கீழே இழுக்கிறது. அதே நேரத்தில் மேலறை தளர்ந்து விரிகிறது. பம்புசெட் உறிஞ்சுவதுபோலச் சிரையிலுள்ள ரத்தத்தை மேலறை இழுத்துக்கொள்ளும். கோட்டுக்குக் கீழே ஓர் ஆழமான பள்ளம். ஆரோக்கியமானவரிடம் நான்கில் பெரியது இதுதான்.

பிறகு வி அலை. வால்வு இன்னும் திறக்கவில்லை, மேலறையோ நிரம்பிவிட்டது. ஓட்டம் தயங்கி அலை மேலேறும். சிலருக்கு அடிக்கோட்டைத் தாண்டும், சிலருக்குக் கீழேயே நின்றுவிடும். இரண்டும் இயல்புதான், இதற்காக நோயாளியைப் பயமுறுத்த வேண்டாம்.

கடைசியில் டி அலை. வால்வு திறந்து, மேலறையில் நின்ற ரத்தம் கீழறைக்கு இறங்க, சிரையும் காலியாகும். இரண்டாவது பள்ளம். எஸ் அலையைவிட ஆழம் குறைவாக இருக்க வேண்டும்.

கருவியில் ஈசிஜி கம்பிகள் இருந்தால் இணைத்துக்கொள்ளுங்கள். ஈசிஜியின் பி அலையை (மேலறைக்குரிய சிறு அலை) அடுத்து வரும் மேடுதான் ஏ. க்யூஆர்எஸ்ஸை (கீழறைக்குரிய கூரிய அலை) அடுத்து வரும் பள்ளம்தான் எஸ். கம்பி இல்லையென்றால் இடது கையால் நாடியைப் பிடித்துக்கொண்டே திரையைப் பாருங்கள்.

படி 5: எஸ் ஆழமா, டி ஆழமா?

நான் முதலில் கேட்கும் கேள்வி இது. கல்லீரலைப் பற்றி ஒரு சொல் எழுதுமுன் இதற்கு விடை வேண்டும்.

எஸ் ஆழமாகவே இருக்கிறது, ஆனால் ஏ, வி மேடுகள் இரண்டும் உயர்ந்திருக்கின்றன, சிரைகளும் விரிந்திருக்கின்றன என்றால், வலது மேலறையில் அழுத்தம் ஏறியிருக்கிறது, வால்வு பெரிதாகக் கசியவில்லை என்று பொருள். கீழ்ப் பெருஞ்சிரையையும் பாருங்கள். 2.1 செ.மீ.க்கு மேல் அகன்று, மூக்கை உறிஞ்சச் சொல்லும்போது பாதிக்குக்கூடச் சுருங்காமல் இருந்தால் சந்தேகம் உறுதிப்படும்.

எஸ் ஆழம் குறைந்து டி அதை முந்தினால், மூவிதழ் வால்வுக் கசிவை நினையுங்கள். கசிவு கடுமையானால் எஸ் பள்ளமே மறைந்து, கோட்டுக்கு மேலே மேடாக எழும். ஏ, எஸ், வி மூன்றும் ஒன்றாகச் சேர்ந்து ஒரே மலையாகிவிடும். கீழே மிஞ்சுவது டி மட்டும். நீடாமங்கலத்துக்காரரிடம் நான் பார்த்தது இதைத்தான். அவருடைய போர்ட்டல் சிரையும் துடித்துக்கொண்டிருந்தது. சீராக ஓட வேண்டிய அந்தச் சிரை தமனிபோலத் துடித்தால், இதயத்தின் அழுத்தம் கல்லீரலையும் கடந்து பின்னால் போயிருக்கிறது என்று அர்த்தம்.

எஸ் சிறுத்திருந்தால் எல்லாம் கசிவு என்றும் முடிவு கட்டிவிடாதீர்கள். வலது கீழறை பலவீனமானாலும் எஸ் குறையும். ஏட்ரியல் ஃபிப்ரிலேஷனில் மேலறை முறையாகச் சுருங்காததால் ஏ மேடே இருக்காது, எஸ்ஸும் சிறுக்கும், துடிப்புக்குத் துடிப்பு அலை மாறும். நாடி தாறுமாறாக இருப்பது கையிலேயே தெரியும். காசநோயால் இதய உறை தடித்து இறுகியவர்களிடம், மூச்சை வெளியே விடும்போது டி-க்குப் பிறகு ரத்தம் பின்னோக்கித் திரும்பும். நம் நாட்டில் இதை மறந்துவிட முடியாது; இப்படிப்பட்டவர்களும் வயிறு வீங்கித்தான் வருவார்கள்.

தீவிர சிகிச்சைப் பிரிவில் பணிபுரிபவர்களுக்கு ஒரு சேதி. உடலில் நீர் தேங்கியிருக்கிறதா என்று அளக்க 2020-இல் வெளியான வெக்சஸ் முறையிலும் இதே எஸ்–டி ஒப்பீடுதான் ஓர் அங்கம்.

படி 6: அலை தட்டையாக இருந்தால்

கல்லீரல் இறுகினால் சிரையைச் சுற்றியுள்ள திசு விட்டுக்கொடுக்காது. இதயத்தின் ஏற்றவற்றம் சிரைக்குள் வந்தாலும் அதற்கேற்பச் சிரை விரிந்து சுருங்க முடியாது. முதலில் ஏ மேடு கோட்டுக்கு மேலே வராமல் நிற்கும். பிறகு பள்ளங்கள் ஆழம் குறையும். கடைசியில் அறுவடை முடிந்த வயல்போல ஒரே சமமான கோடாகிவிடும். சிரோசிஸில் இப்படி வருவது உண்மைதான்.

ஆனால் தட்டை அலையை மட்டும் வைத்து சிரோசிஸ் என்று எழுதக் கூடாது என்பதில் நான் பிடிவாதமாக இருக்கிறேன். இழுத்துப் பிடித்த மூச்சு, கொழுப்புக் கல்லீரல், நிறைமாதக் கர்ப்பம், சிரையின் நுனிப்பகுதியில் வைத்த மாதிரிப் பெட்டி என எல்லாமே அலையைத் தட்டையாக்கும். முதலில் மூச்சைச் சரிசெய்து மறுபடி பதியுங்கள். பிறகு மற்ற சாட்சிகளைக் கேளுங்கள்: கல்லீரலின் மேற்பரப்பு கரடுமுரடாக இருக்கிறதா, மண்ணீரல் பெரிதா, போர்ட்டல் சிரையில் வேகம் வினாடிக்கு 16 செ.மீ.க்குக் கீழே போய்விட்டதா? இவையும் சேர்ந்தால் எழுதலாம்.

படி 7: ஓட்டமே இல்லையென்றால்

கல்லீரலிலிருந்து ரத்தம் வெளியேறும் வழி அடைபடுவது பட்–கியாரி நோய். 1845-இல் ஜார்ஜ் பட் விவரித்தார். 1899-இல் ஹான்ஸ் கியாரி அதன் திசு மாற்றங்களை விளக்கினார். வலது மேல்வயிற்றில் வலி, மளமளவென்று ஏறும் வயிற்று நீர் என்று இளவயதினர் ஒருவர் வந்தால் இதை நினைக்காமல் இருக்காதீர்கள். இந்தியாவில் கீழ்ப் பெருஞ்சிரையிலேயே சவ்வுபோன்ற அடைப்பு இருப்பதையும் பார்க்கிறோம். ஆகவே பெருஞ்சிரையை முழு நீளத்துக்கும் பாருங்கள்.

சிரைக்குள் வண்ணம் நிரம்பாது, அல்லது தலைகீழாக ஓடும். குறுகிய இடம் இருந்தால் அங்கே வேகம் எகிறி வண்ணங்கள் கலங்கும். பெரிய வாய்க்கால் தூர்ந்தால் நீர் வயலுக்குள் வழி தேடுவதுபோல, ரத்தம் கல்லீரலுக்குள்ளேயே வளைந்து நெளிந்த புதுப் பாதைகளைப் போட்டுக்கொள்ளும். கல்லீரலின் பின்பக்கமுள்ள காடேட் மடலுக்குப் பெருஞ்சிரையில் நேராகத் திறக்கும் தனிச் சிரைகள் இருப்பதால் அது தப்பிப் பிழைத்துப் பெரிதாகும்.

ஒரே ஒரு எச்சரிக்கை. சிரோசிஸிலும், வீங்கிய கல்லீரலிலும் சிரைகள் நசுங்கி, ஓட்டம் இல்லாததுபோலத் தோன்றும். அடைப்பு என்று எழுதுமுன் வேக அளவுகோலை இன்னும் இறக்கி, விலா இடுக்கிலிருந்தும் ஒருமுறை பாருங்கள். சந்தேகம் நீடித்தால் அன்றைக்கே சிகிச்சை மருத்துவரைத் தொலைபேசியில் அழையுங்கள். ரத்தம் உறையாமலிருக்க மருந்து, பலூன், ஸ்டென்ட் என்று வழிகள் இருக்கும் நோய் இது. அறிக்கை கைக்குப் போகும்வரை காத்திருப்பது சரியில்லை.

நாளைக்கே செய்து பாருங்கள்

ஓர் அறை நண்பரைப் படுக்க வையுங்கள். இயல்பான மூச்சில் ஓர் அலையைப் பதிந்து ஏ, எஸ், வி, டி என்று விரலால் தொட்டுத் தொட்டுச் சொல்லுங்கள். அடுத்து ஆழமாக இழுத்துப் பிடிக்கச் சொல்லி ஒன்று, முக்கச் சொல்லி ஒன்று. மாதிரிப் பெட்டியைச் சிரையின் நுனிக்கு நகர்த்தி இன்னொன்று. நான்கு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஆள் ஒருவர்தான், கல்லீரலும் ஒன்றுதான். அலை மட்டும் நான்கு விதம். அந்தப் படங்களை அச்செடுத்துக் கருவியின் பக்கத்துச் சுவரில் ஒட்டிவிட்டு, அடுத்த நோயாளியை உள்ளே அழையுங்கள்.