அமெரிக்க அடிமை முறை விரிவாக்கப் பூசலை வரைபடத்தோடு படிப்பது எப்படி?

உள்நாட்டுப் போருக்கு முந்தைய அமெரிக்க அரசியலைப் படிக்க உட்காரும்போது, சட்டங்களின் பெயர்களை மனப்பாடம் செய்வதற்கு முன்பாக ஒரு வரைபடத்தையும் ஒரு வெள்ளைத் தாளையும் எடுத்துக்கொள்ளுங்கள். தாளின் ஒரு பக்கம் அடிமை முறை உள்ள மாநிலங்களையும் மறுபக்கம் அது இல்லாத மாநிலங்களையும் எழுதிவர வேண்டும். மக்கள்தொகை எவ்வளவாயினும் ஒவ்வொரு மாநிலத்துக்கும் நாடாளுமன்றத்தின் மேலவையான செனட்டில் இரண்டு இடங்கள் என்பதால், புதிதாகச் சேர்ந்த ஒவ்வொரு மாநிலமும் அந்த அவையின் பலத்தை மாற்றியது.

1819-ஆம் ஆண்டின் முடிவில் இரு பக்கமும் 11 மாநிலங்கள் இருந்தன. மிசௌரி அடிமை மாநிலமாகவும் மெய்ன் அடிமை முறையற்ற மாநிலமாகவும் சேரலாம் என்று 1820-இல் உடன்பாடு ஏற்பட்டது. 36 பாகை 30 கலை அட்சக்கோட்டுக்கு வடக்கே, மிசௌரி நீங்கலாக, அடிமை முறை தடைசெய்யப்பட்டது. இந்தக் கோட்டைப் பசிபிக் கடல்வரை இழுத்துவிடாதீர்கள். 1803-இல் பிரான்சிடம் வாங்கிய லூசியானா நிலப்பரப்புக்கு மட்டுமே அது பொருந்தியது. மெக்சிகோவிடமிருந்து பெற்ற நிலத்துக்கு 1850-இல் தனி ஏற்பாடு நடந்தது. கலிபோர்னியா அடிமை முறையின்றிச் சேர்ந்தது. அதற்கு ஈடாக, தப்பியோடிய அடிமைகளைப் பிடித்துக் கொடுக்கும் கொடிய சட்டம் ஒன்று வந்தது.

இனி ஒவ்வொரு சட்டத்துக்கு எதிரேயும் முடிவு செய்யும் உரிமை யாருக்கு என்று குறியுங்கள். 1820-இல் அது அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரசிடம் இருந்தது. 1854-இல் செனட் உறுப்பினர் ஸ்டீபன் டக்ளஸ் கொண்டுவந்த கான்சஸ்–நெப்ராஸ்கா சட்டம், பழைய அட்சக்கோட்டுத் தடையை நீக்கி, முடிவு செய்யும் உரிமையை அந்தப் பகுதிகளின் குடியேறிகளிடம் கொடுத்தது. கேட்பதற்கு மக்களாட்சி போலத் தோன்றும் அந்த ஏற்பாட்டில், அடிமைப்பட்டவர்களுக்கு வாக்கே இல்லை என்பதை மறக்கக் கூடாது. 1855 மார்ச்சில் கான்சஸ் சட்டமன்றத் தேர்தலில், மிசௌரியிலிருந்து எல்லை தாண்டி வந்தவர்களும் வாக்களித்ததால், 2,905 வாக்காளர்கள் இருந்த இடத்தில் 6,307 வாக்குகள் பதிவாயின.

கடைசியாக, அந்த அட்சக்கோட்டுக்கு வடக்கேயுள்ள ஸ்னெல்லிங் என்ற இராணுவக் கோட்டையைக் குறியுங்கள். அங்கே வாழ்ந்ததைக் காட்டித் தனக்கும் குடும்பத்துக்கும் விடுதலை கேட்ட, அடிமைப்பட்டிருந்த டிரெட் ஸ்காட்டை, 1857-இல் உச்ச நீதிமன்றம் குடிமகனாகவே ஏற்கவில்லை. இன்னும் மாநிலமாகாத ஆட்சிப்பகுதிகளில் அடிமை முறையைத் தடுக்கக் காங்கிரசுக்கு அதிகாரமில்லை என்றும் அது தீர்ப்பளித்தது.